தீர்வை ஏற்படாத தரிசு

போன கோடையில் தண்டையார்பேட்டையில் எங்கள் பக்கத்து வீட்டை இடித்துவிட்டு அடுக்குமாடி கட்டக் கடைக்கால் தோண்டினார்கள். மூன்றாம் நாள் காலையில் எட்டிப் பார்த்தேன். ஆறடிக் குழியின் பக்கச் சுவர் பட்டை பட்டையாக நிறம் மாறி நின்றது. மேலே ஓரடிக்கு ஓட்டுச் சில்லும் சிமென்ட் காரையும் பாலிதீன் கிழிசலும். அதற்குக் கீழே ஒரு முழத்துக்குக் கரிய அடுக்கு, எரிந்து தீர்ந்த நிலக்கரிக் கசடு. நுரைத்து இறுகிய கட்டிகள். கையில் எடுத்தால் கனமே இல்லை, விரலில் மட்டும் மை போல ஒட்டுகிறது. அதன் அடியில் சன்னமான பழைய செங்கல் துண்டுகள், வெள்ளைச் சுண்ணாம்புக் காரை இன்னும் விடாமல் பற்றியபடி. அடிமட்டத்தில் வெளுத்த கடல்மணல், ஊடே கிளிஞ்சல். கடல் அங்கிருந்து ஒரு கிலோமீட்டருக்கு மேல்.

“இது கரி மண்ணு சார், கம்பிய அரிச்சுடும். மொத்தமா அள்ளிட்டு சவுடு கொட்டித்தான் ஏத்தணும்” என்றார் மேஸ்திரி. சாயங்காலத்துக்குள் லாரி வந்து அள்ளிக்கொண்டு போய்விட்டது.

மண்ணில் வரலாறு படிந்திருக்கிறது என்று எல்லா ஊரைப் பற்றியும் சொல்லலாம். வடசென்னையில் நடந்தது அதைவிட ஒரு படி மேலே. இந்த மண்ணைப் பற்றி அலுவலகத்தில் என்ன எழுதினார்களோ, அதுவே பிற்பாடு இந்த மண்ணில் எது வந்து விழ வேண்டும் என்பதையும் முடிவு செய்தது. ஏட்டில் இருந்த வார்த்தை நிலத்தில் சாம்பலாக இறங்கிய கதை இது. அதைக் கீழ் அடுக்கிலிருந்தே சொல்லிக்கொண்டு வருவதுதான் சரி.

1639-ல் தாமர்ல வேங்கடாத்ரி நாயக்கரிடமிருந்து கிழக்கிந்தியக் கம்பெனி பெற்றது ஒரு மணல் கரை. மறு ஆண்டே கோட்டை வேலை தொடங்கியது. கோட்டைக்கும் அதன் வடக்கே இந்தியர்கள் குடியிருக்க எழுந்த கருப்பர் நகரத்துக்கும் செங்கல் வேண்டும், காரை வேண்டும். சூளை என்று இன்றும் நாம் சொல்லும் பேட்டை செங்கல் சூளைகளால் பெயர் பெற்றது. கொசப்பேட்டை குயவர்கள் பேட்டை. காரைக்கான சுண்ணாம்பு கிளிஞ்சலிலிருந்து வந்தது. கழிமுகச் சேற்றில் புதைந்து கிடந்த சிப்பி ஓடுகளைக் கூடை கூடையாக வாரி, காளவாயில் சுட்டு, நீற்றி, அரைத்துப் பூசினால் சுவர் பளிங்கு போல மின்னும். பதினெட்டாம் நூற்றாண்டில் சென்னைக்கு வந்த வெள்ளைக்காரப் பயணிகள் இந்த மெருகைப் பார்த்து வியந்து எழுதினார்கள். வியந்தவர்கள் சுவரோடு நின்றுவிட்டார்கள். அந்த வெண்மை முழுக்க உப்பங்கழிச் சேற்றில் வளர்ந்த உயிர்களின் ஓடு.

கம்பெனி இங்கே வந்ததே துணிக்காக. சோழமண்டலத் துணியின் சிவப்பு மண்ணோடு கட்டுண்ட நிறம். இம்பூறல் என்கிற சாயவேர்ச் செடி கடலோர மணலில் முளைக்கிற சின்னப் பூண்டு. அதன் வேரில்தான் சாயம் இருக்கிறது. கிளிஞ்சல் கலந்த, சுண்ணாம்புச் சத்துள்ள மணலில் வளர்ந்த வேர் கொடுக்கிற சிவப்புதான் ஆழமானது என்று சாயக்காரர்கள் அறிந்திருந்தார்கள். வடக்கே பழவேற்காட்டில் 1613-ல் கோட்டை கட்டிய டச்சுக்காரர்கள் இந்தத் துணியைக் கொண்டுபோய்த்தான் கிழக்கிந்தியத் தீவுகளில் வாசனைப் பொருள் வாங்கினார்கள். சென்னையில் நெசவாளரையும் வெளுப்பவரையும் கூப்பிட்டுக் குடி வைத்தார்கள். வண்ணாரப்பேட்டையின் பெயர் கம்பெனித் துணியை வெளுத்தவர்களால் வந்தது. திருவொற்றியூர் போகிற வழியில் இருக்கும் காலடிப்பேட்டை, 1717 முதல் 1720 வரை கவர்னராக இருந்த ஜோசப் காலெட் நெசவாளருக்காக ஏற்படுத்திய ஊர். காலெட் பேட்டைதான் நம் வாயில் காலடிப்பேட்டை ஆகிவிட்டது. யாரோ தெய்வத்தின் காலடி பட்ட இடம் என்று சின்ன வயதில் நான் நம்பிக்கொண்டிருந்தேன்.

அடுத்த அடுக்கு உப்பு. இதை நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் வடசென்னை மண்ணின் தலைவிதி இங்கேதான் திரும்புகிறது.

பேசின் பிரிட்ஜ் பக்கம் ரயில்வே சரக்குக் கிடங்கு ஒன்றுக்கு சால்ட் கோட்டார்ஸ் என்று பெயர். கோட்டார்ஸ் இங்கிலீஷ் சொல் இல்லை. தானியமும் உப்பும் சேர்த்து வைக்கிற களஞ்சியத்துக்குத் தமிழில் கொட்டாரம் என்று பெயர். அது கம்பெனிக் கணக்கில் ‘கோட்டார்’ ஆகி, பன்மை ஒட்டிக்கொண்டு, மறுபடி நம்மிடமே புரியாத சொல்லாகத் திரும்பி வந்திருக்கிறது. அத்திப்பட்டு, வல்லூர், எண்ணூர்ப் பக்கத்து அளங்களில் விளைந்த உப்பு படகேறிச் சென்னைக்கு வந்தது. அது வந்த வாய்க்கால்தான் இன்றைய பக்கிங்காம் கால்வாய். 1806-ல் சென்னையிலிருந்து எண்ணூர் வரை வெட்டி முடித்தபோது, குத்தகைக்காரர் பேசில் காக்ரேன் பெயரால் காக்ரேன் கால்வாய் என்றார்கள். 1837-ல் அரசு எடுத்துக்கொண்டது. 1876 முதல் 1878 வரை தாது வருஷப் பஞ்சம் சென்னை மாகாணத்தைச் சூறையாடியபோது, பசியில் வந்தவர்களை வைத்து அடையாற்றுக்கும் கூவத்துக்கும் இடையில் சுமார் எட்டு கிலோமீட்டரை வெட்டி இணைத்தார்கள். அப்போதைய கவர்னர் பக்கிங்காம் பிரபுவின் பெயர் கால்வாய்க்கு வந்தது. 1877 தொடக்கத்தில் நிவாரண வேலைக்கு வந்த ஆணுக்கு நிர்ணயித்த கூலி நாளுக்கு ஒரு பவுண்டு தானியமும் ஓர் அணாவும். ஒரு பவுண்டு என்றால் அரைக் கிலோவுக்கும் குறைவு. மண்வெட்டி பிடிக்கிற உடம்புக்கு அது எந்த மூலைக்கு? வெட்டிப் போட்ட கரைமண்ணில் அவர்கள் பெயர் எங்கும் இல்லை.

1805-லேயே உப்பு கம்பெனியின் ஏகபோகம் ஆகிவிட்டது. அளத்தில் விளைகிற உப்பை அரசுக்குத்தான் கொடுக்க வேண்டும், அரசு விற்கிற விலைக்குத்தான் ஊர் வாங்க வேண்டும். பஞ்சம் ஓய்ந்தும் ஓயாததுமாக, 1878-ல் இந்த மாகாணத்தில் உப்பு வரியை மணங்குக்கு (சுமார் 37 கிலோ) இரண்டரை ரூபாயாக உயர்த்தினார்கள். இதில் என்னை எப்போதும் உறுத்துகிற ஒன்று உண்டு. கோடையில் கழிவெளியில் நீர் வற்றினால் தரையில் தானாகவே உப்புப் பூக்கும். யாரும் பாத்தி கட்டத் தேவையில்லை, குனிந்து வழித்தால் போதும். அதை வழித்தாலும் குற்றம். உப்பு இலாகாவின் ஆட்கள் காவல் நின்று, தானாகப் பூத்த உப்பை மிதித்தும் சேற்றோடு கலந்தும் அழித்தார்கள். உவர்மண்ணைக் கரைத்து உப்புக் காய்ச்சிப் பிழைத்தவர்களின் தொழிலையும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில் தடுத்து ஒடுக்கினார்கள். மண் சும்மா கொடுப்பதை வாங்கக் கூடாது என்று ஒரு சட்டம் இருந்தது, அதைக் காக்கச் சம்பளத்துக்கு ஆள் இருந்தது.

வரி தருகிற மண் எது, தராத மண் எது என்கிற இந்தக் கேள்விக்கு ஒரு பதிவேடே உண்டு. இன்றும் நீங்கள் அதைக் கையில் எடுக்கலாம். வீடு வாங்கவோ கடன் வாங்கவோ, ஊர் நில விவரம் அடங்கிய அ-பதிவேட்டின் நகல் எடுத்தவர்கள் அதன் கட்டங்களைப் பார்த்திருப்பீர்கள்: புல எண், அரசு நிலமா ரயத்துவாரி எனும் தனியார் பட்டா நிலமா, பாசன ஆதாரம், இருபோக நிலமா, மண் வயனமும் ரகமும், மண் தரம், தீர்வை (நிலவரி) வீதம். பட்டாவில் பெயர் சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிட்டு மடித்து வைத்துவிடுகிறோம். ‘மண் வயனமும் ரகமும்’ என்ற கட்டத்துக்குள் இருக்கிற எண்களுக்குப் பின்னால் ஒரு நூற்றாண்டு வேலை இருக்கிறது. கரிசலா, செம்மண்ணா, மணலா. அதற்குள்ளும் களி அதிகமா, வண்டல் அதிகமா என்று வெள்ளைக்கார நிலவரித் திட்ட அதிகாரிகள் வயல் வயலாக மண்ணைக் கசக்கிப் பார்த்து வகுத்த வகுப்பு அது. வகுத்தது விவசாயிக்கு யோசனை சொல்வதற்காக இல்லை. சாகுபடிச் செலவு போக நிற்கிற நிகர விளைச்சலில் பாதி அரசுக்கு என்பது 1864 முதல் விதி. அந்தப் பாதி எவ்வளவு என்று தெரிய வேண்டுமானால் மண்ணின் தரம் தெரிய வேண்டும். தரம் என்ற நல்ல தமிழ்ச் சொல்லுக்கு அந்தக் கட்டத்துக்குள் ஒரே பொருள்தான்: எவ்வளவு கறக்கலாம்.

இதற்கு முன்னால் கணக்கே இல்லையா? இருந்தது. 1763-ல் ஆற்காட்டு நவாபிடமிருந்து செங்கல்பட்டு ஜாகீர் (வருவாய் மானியமாகக் கொடுத்த நிலப்பகுதி) கம்பெனி கைக்கு வந்த பிறகு, 1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு என்ற பொறியாளர் இரண்டாயிரத்துச் சொச்சம் ஊர்களை அளந்தார். அவருக்கு ஆதாரமாக இருந்தவை ஊர்க் கணக்கர்கள் தமிழில் எழுதி வைத்திருந்த ஓலைகள். ஏரி காப்பவருக்கு இவ்வளவு, வெட்டியானுக்கு இவ்வளவு, கோயிலுக்கு இவ்வளவு என்று ஒரே களத்து நெல் பல கைக்குப் பிரிந்தது அந்த ஓலைகளில் இருக்கிறது. அதைப் பொற்காலம் என்று சொல்ல எனக்கு வாய் வராது. சேற்றில் இறங்கி உழைத்த பறையர் மக்களுக்கு அந்த ஏற்பாட்டில் நிலம் சொந்தமாக இல்லை. அதே செங்கல்பட்டு மாவட்டத்தின் கலெக்டர் ட்ரெமென்ஹியர் 1891-ல் அவர்கள் நிலைமையை அறிக்கையாக எழுதிய பிறகுதான் மறு ஆண்டு பஞ்சமி நிலத்துக்கான அரசாணை வந்தது. ஓலையும் சரி, அ-பதிவேடும் சரி, அந்த மண்ணைப் பக்குவப்படுத்திய கையை உரிமையாளர் கட்டத்தில் எழுதவில்லை.

பதிவேட்டில் தரம் போட முடியாத நிலங்கள் மிச்சமாக நின்றன. உழவும் முடியாது, தீர்வையும் வராது. அவற்றுக்கு இரண்டு சொற்கள்: புறம்போக்கு, தரிசு. தரிசிலும் பிரிவு உண்டு, தீர்வை ஏற்பட்ட தரிசு, தீர்வை ஏற்படாத தரிசு. கொசஸ்தலை ஆறு கடலில் விழுகிற எண்ணூர்க் கழிமுகமும் அதைச் சுற்றிய சேறும் உவர்நிலமும் இந்தக் கண்ணுக்கு எதற்கும் ஆகாத வெற்றிடம். முகத்துவாரக்குப்பத்திலும் காட்டுக்குப்பத்திலும் இருக்கிறவர்களுக்கு அதே சேறு பச்சை நண்டுக்கு வளை, இறாலுக்குப் படுக்கை, மடவை மேய்கிற தரை. கையால் தடவி இறால் பிடிக்கிற இருளர் குடும்பங்களுக்குச் சேற்றின் மென்மைதான் முதல். அதற்கு எந்தக் கட்டமும் இல்லை. இத்தனைக்கும் மண்ணையே சாமியாகக் கும்பிடுகிற ஊர் பக்கத்தில்தான் இருக்கிறது. திருவொற்றியூரில் ஆதிபுரீசுவரர் புற்று வடிவானவர். வருஷம் முழுக்கக் கவசத்துக்குள் இருந்து, கார்த்திகைப் பௌர்ணமியை ஒட்டி மூன்று நாள் மட்டும் அந்தப் புற்றுமண் மேனியைக் காட்டுகிறார். கூட்டம் அலைமோதும்.

இனி கரிய அடுக்கு. 1856-ல் ராயபுரத்திலிருந்து தென்னிந்தியாவின் முதல் ரயில் ஆற்காட்டுப் பக்கம் ஓடியது. பெரம்பூரில் ரயில்வே பணிமனை வந்தது. 1876-ல் பக்கிங்காம் துணி ஆலை, சில ஆண்டுகளில் கர்னாடிக் ஆலை. எல்லாம் கொதிகலன்தான், எல்லாம் நிலக்கரிதான். எரித்து மிஞ்சிய கசடு பள்ளம் மேடாக்கப் போனது. பக்கத்து வீட்டுக் குழியில் பார்த்த கறுப்பு அந்தக் காலத்தின் கையெழுத்து.

அந்த நிலக்கரியைத் தேடத்தான் 1851-ல் இந்திய நிலவியல் ஆய்வுத் துறையையே தொடங்கினார்கள். 1856-ல் அதன் ஆட்களான பிளான்ஃபோர்டு சகோதரர்கள் ஒடிசாவின் தால்சேர் நிலக்கரிப் படுகையை ஆராய்ந்தார்கள். அதே துறையின் ராபர்ட் புரூஸ் ஃபுட் 1863 மே 30 அன்று பல்லாவரத்தில் செம்புறைச் சரளையிலிருந்து ஒரு கற்கோடரியைப் பொறுக்கி எடுத்தார். அதே ஆண்டு கொசஸ்தலை ஆற்றங்கரையில் அத்திரம்பாக்கத்திலும் கற்கருவிகள் கிடைத்தன. அங்கே களிமண் அடுக்கில் கிடந்த கருவிகளில் மிகப் பழையவற்றுக்கு 15 லட்சம் ஆண்டு வயது என்று 2011-ல் வெளியான ஆய்வு சொன்னது. கனிமம் தேடப் போட்ட துறைதான் மனிதனின் ஆதி வீட்டையும் இங்கே கண்டெடுத்தது. எனக்கு இந்த ஆற்றின் மேல் தனிப் பிரியம் வந்ததற்கு அதுவே காரணம். மேலே அத்திரம்பாக்கம், கீழே எண்ணூர். ஒரே தண்ணீர்.

கீழே என்ன நடந்தது? விடுதலைக்குப் பிறகும் பதிவேட்டின் கட்டங்கள் மாறவில்லை, தரிசு தரிசாகவே இருந்தது. மணலியில் 1969-ல் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலை ஓடத் தொடங்கியது. 1970-ல் எண்ணூர் அனல்மின் நிலையம், 1994-ல் வடசென்னை அனல்மின் நிலையம், பிறகு வல்லூர். 2001-ல் எண்ணூரில் புதிய துறைமுகம் திறந்ததே முதலில் நிலக்கரி இறக்கத்தான். தால்சேரில் வெட்டுகிற கரி பாராதீப்பில் கப்பலேறி இங்கே வருகிறது. பிளான்ஃபோர்டுகள் வரைந்த படுகைதான் அது. நம் நாட்டுக் கரியில் நூற்றுக்கு முப்பது, நாற்பது பங்கு சாம்பல். ஆயிரம் டன் எரித்தால் முந்நூறு, நானூறு டன் மிச்சம் நிற்கும். அதைத் தண்ணீரில் கரைத்துக் கூழாக்கிக் குழாய் வழியே ஆற்றைத் தாண்டிச் செப்பாக்கம் பக்கத்துச் சாம்பல் குட்டைக்கு அனுப்பினார்கள். குழாய் வெடித்த இடமெல்லாம் ஆற்றில் இறங்கியது.

அந்தச் சாம்பல் படிந்த கரையில் ஒரு தடவை செருப்பைக் கழற்றிவிட்டு நின்றேன். மேலே வெளிர் சாம்பல் நிறத்தில் மாவு மாதிரி ஒரு படலம். காய்ந்த இடத்தில் ஓடு ஓடாக வெடித்திருந்தது. கட்டை விரலால் அழுத்தினால் படலம் உடைந்து, அடியில் பழைய கறுத்த சேறு, அழுகல் வாடையோடு. அந்த வாடை எனக்கு நிம்மதியாக இருந்தது, ஏனென்றால் அது உயிருள்ள சேற்றின் வாடை. சாம்பலுக்கு வாடையே இல்லை. பக்கத்தில் வலையை உலர்த்திக்கொண்டிருந்த பெரியவர், “முன்னெல்லாம் கால வச்சா உளை, முழங்கால் வரிக்கும் இஸ்துக்கும். இப்ப கால வச்சா சிமிட்டி” என்றார். இதைவிடச் சுருக்கமாக எந்த ஆய்வறிக்கையும் சொல்லாது. அந்தச் சாம்பலைப் பெருக்காடியில் வைத்துப் பார்த்தால் கண்ணாடி உருண்டைகள் தெரியும். உலையில் உருகிக் காற்றில் உறைந்த துளிகள் அவை. கூடவே சிறு அளவில் ஆர்செனிக், பாதரசம், ஈயம், குரோமியம். முப்பது கோடி ஆண்டுக்குப் பக்கமாக ஒடிசாவில் புதைந்து கிடந்த காட்டின் எச்சம், கொசஸ்தலை நண்டின் வளைக்குள்.

கரைமணலின் கதையும் இதே கதைதான், சுருக்கமாகச் சொல்கிறேன். இந்தக் கடலோரத்தில் மணல் பெரும்பாலும் தெற்கிலிருந்து வடக்கே நகரும். 1875-ல் துறைமுகச் சுவர் போட ஆரம்பித்தார்கள். 1881 புயல் அதை உடைத்தது, திரும்பக் கட்டினார்கள். சுவருக்குத் தெற்கே மணல் தங்கி மெரினா அகன்றது. வடக்கே ராயபுரம் முதல் திருவொற்றியூர் வரை கரை கரைந்து, வீடுகள் போய், இன்று கருங்கல் குவியல்தான் கடற்கரை. மெரினாவில் காற்று வாங்க நடக்கிறவர்கள் மிதிப்பது எங்களுக்கு வந்து சேராத மணல். பல ஆண்டுகள் அந்தத் துறைமுகத்திலிருந்து பெல்லாரிப் பக்கத்து இரும்புத்தாது கப்பலேறியது, நிலக்கரி இறங்கியது. ஜார்ஜ் டவுன் மொட்டை மாடிகளில் காயப்போட்ட துணியெல்லாம் சிவப்பும் கறுப்பும். உயர் நீதிமன்றம் சென்னைத் துறைமுகத்தில் இவற்றைக் கையாளக் கூடாது என்றது. 2011 அக்டோபரிலிருந்து அந்த வேலை எண்ணூருக்கு நகர்ந்தது. நகரத்தின் நுரையீரலுக்கு நல்லது நடந்தது, அதை மறுக்க மாட்டேன். ஆனால் தூசி எந்தத் திசைக்கு நகர்ந்தது என்று பாருங்கள். கொடுங்கையூர்க் குப்பைமேடும் அதே திசையில்தான், ஏறத்தாழ 340 ஏக்கர்.

வீடு கட்டுகிறவர்கள் கேட்கிற சவுடு எங்கிருந்து வருகிறது? பெரும்பாலும் திருவள்ளூர் மாவட்டத்து ஏரிகளிலிருந்து. தூர் வாருவது என்ற பெயரில் இரண்டாள் ஆழத்துக்கு வெட்டப்பட்ட ஏரிகளை நான் பார்த்திருக்கிறேன். மதகு மேலே தொங்கும், தண்ணீர் கீழே கிடக்கும், ஒரு வயலுக்கும் ஏறாது. ஏரியும் பதிவேட்டில் புறம்போக்குதான்.

பக்கத்து வீட்டுக் குழிக்கும் அப்படி ஒரு சவுடு வந்து நிரம்பியது. கரி மண்ணை அள்ளிப்போன லாரிக்காரர் மறுபடி வந்தபோது, எங்கே கொட்டினீர்கள் அண்ணே என்று கேட்டேன்.

“மணலி தாண்டி, பழைய உப்பளத்தாண்ட. சும்மா கெடக்குற எடம் சார் அது.”

ஞாயிற்றுக்கிழமை வண்டியை எடுத்துக்கொண்டு போய்த் தேடினேன். நாணலுக்கு நடுவில் பத்துப் பதினைந்து குவியல், எங்கெங்கோ வீடு கட்டினவர்களின் மண். எங்கள் தெரு மண்ணை அடையாளம் காண்பது கஷ்டமாக இல்லை. கசடும் செங்கல் சில்லும் கலந்த கறுப்புக் குவியலின் ஓரத்தில் கடல்மணல் சரிந்து கிடந்தது, அதில் கிளிஞ்சல் வெயிலுக்கு மின்னியது. குவியலின் மறுபக்கம் நாணலைத் தாண்டித் தண்ணீர். இடுப்பளவில் நின்று, முகத்தை மட்டும் மேலே வைத்துக்கொண்டு, இரண்டு பெண்கள் தரையைக் கையால் தடவி இறால் தேடிக்கொண்டிருந்தார்கள்.